இராமநாதனை ஏசுவதற்கு முன்னால் அஸீஸை வாசியுங்கள்

நீளமான பதிவு. பொறுமை இல்லாதவர்கள் கடந்து போகலாம்.

மே மாதக் கடைசி வந்தால் போதும், கிண்ணியா, மூதூர், டவுன் எல்லா வட்ஸ்அப் குழுமத்திலும் ஒரே படம் சுற்றும். தலைப்பாகையோடு சேர் பொன். இராமநாதன், கீழே துரோகி என்று ஒரு வரி. நவம்பர் 26, அவர் மௌத்தான நாள் வந்தால் தமிழ் நண்பர்களின் பக்கங்களில் அதே படம், இந்த முறை மாலையோடு. எல்லா இனத்துக்கும் தலைவராம். இரண்டு தரப்பிலும் பெரும்பாலானோர் அவர் எழுதியதில் ஒரு பக்கத்தையும் வாசித்ததில்லை.

1915ஐ முதலில் எடுப்போம். கண்டியில் தொடங்கிய அந்தக் கலவரத்தில் அரசாங்கக் கணக்குப்படியே 25 முஸ்லிம்கள் கொல்லப்பட்டார்கள், 4,000க்கு மேற்பட்ட கடைகள் சூறையாடப்பட்டன. அதைச் செய்தது தமிழர் அல்ல. இதைக்கூடச் சொல்ல வேண்டியிருக்கிறதே என்பதுதான் கவலை. பிறகு வெள்ளைக்காரன் இராணுவச் சட்டம் போட்டான். ஹென்றி பேதிரிஸைச் சுட்டுக் கொன்றான், டி.எஸ். சேனநாயக்க போன்றவர்களைச் சிறையில் அடைத்தான். இராமநாதன் சட்ட நிரூபண சபையில் எழுந்து அந்தக் கொடுமையைக் கேட்டார். கேட்டது சரி. வழக்கு விசாரணை ஒழுங்காக இல்லாமல் மனிதரைச் சுடுவதை யார் எதிர்த்தாலும் சரிதான்.

என் குற்றச்சாட்டு வேறு. அவர் அப்போது இருந்தது தமிழர் ஆசனத்தில் இல்லை. 1911இல் மார்கஸ் பெர்னாண்டோவைத் தோற்கடித்துப் பெற்ற 'படித்த இலங்கையர்' ஆசனம், முழு நாட்டுக்கும் ஒன்று. அந்த ஆசனத்தில் இருந்தவர் கெட்டிக்காரச் சட்டத்தரணி மாதிரி ஒரு தரப்பின் வழக்கை மட்டும் தூக்கினார். கடை எரிந்தவன் அந்த வழக்கில் வெறும் பின்னணி. மக்கள் பிரதிநிதியாக நின்றவர் கடைசிவரை நியாயவாதியாகவே பேசிவிட்டார். இது அவருடைய தவறு. இதற்காக இன்றைக்கு உப்புவெளியில் மீன் விற்கிற தமிழனைப் பார்த்துப் பல்லைக் கடிப்பவன் எந்த நியாயத்தில் கடிக்கிறான்?

உண்மையில் நமக்கு நடந்த பெரிய அநியாயம் அதற்கு 30 வருடம் முந்தியது. 1885இல் முஸ்லிம் விவாகப் பதிவுச் சட்டம் சபைக்கு வந்தபோது, சோனகர் இனத்தால் தமிழர், மதத்தால் மட்டுமே முஸ்லிம்கள் என்றார் இராமநாதன். 1888இல் ஆசியக் கழகத்தின் இலங்கைக் கிளையில் அதையே ஒரு கட்டுரையாகப் படித்தார். மொழி, வழக்கம், உடலமைப்பு என்று அடுக்கினார். நேரத்தைக் கவனியுங்கள். சோனகருக்குத் தனி ஆசனம் கொடுப்பதா என்ற பேச்சு நடந்த காலம். 1889இல் எம்.சி. அப்துல் ரஹ்மான் சபைக்கு நியமிக்கப்பட்டார். நீ யார் என்பதை உன்னைக் கேட்காமல் இன்னொருவன் சபையில் எழுந்து முடிவு கட்டுவதைப் போல ஒரு அவமானம் கிடையாது.

நம் முன்னோர் அதற்கு என்ன செய்தார்கள்? 1907இல் ஐ.எல்.எம். அப்துல் அஸீஸ் உட்கார்ந்து ஒரு புத்தகம் அளவுக்கு மறுப்பு எழுதினார். அந்தக் கட்டுரையையே எடுத்து வைத்து, வாதத்துக்கு வாதம். ஏச்சு இல்லை. அதற்குச் சற்று முன் சட்டத்தரணி எம்.சி. அப்துல் காதர் துருக்கித் தொப்பியோடு வாதாட வரக்கூடாது என்று பிரதம நீதியரசர் லேயார்ட் தடுத்தபோது, 1905 டிசம்பர் 31 அன்று மருதானைப் பள்ளிவாசல் வளவில் பெரும் கூட்டம் கூடி, மகஜர் எழுதிப் போராடினார்கள். 2018இல் நம் நகரில் ஆசிரியைகளின் அபாயா பிரச்சினையில் இரவு பகலாக எழுதிய நம் வீரர்களில் எத்தனை பேர் அப்துல் காதரின் பெயரைச் சொன்னீர்கள்? பத்தாம் தரப் பிள்ளைகளிடம் இராமநாதன் யார் என்று கேட்டால் கை தூக்குவார்கள். அஸீஸ் யார் என்றால் வகுப்பு அமைதி. அதில் முஸ்லிம் பாடசாலை, மற்றப் பாடசாலை என்ற வித்தியாசமே இல்லை.

அஸீஸ் சொன்ன எல்லாவற்றுக்கும் நான் தலையாட்ட மாட்டேன். அரபு வம்சத்தை அவர் இழுக்கிற அளவுக்கு இழுத்தால், நம் உம்மாமார் தாலாட்டுப் பாடிய மொழியை எங்கே வைப்பது? என் வீட்டு மொழி தமிழ். அதனால் நான் தமிழர் கணக்கில் அடக்கம் என்று யாரும் எழுத முடியாது. தமிழர் கணக்கில் இல்லை என்பதால் தமிழை வெறுக்கவும் எனக்கு அவசியமில்லை. 1888இன் வாதத்தை அப்படியே எடுத்து, மதம் மாறிய தமிழர்தானே நீங்கள் என்று இன்றும் கமெண்ட் போடுகிற தமிழ் நண்பர்களுக்கும் இதுதான் பதில்.

மாலை போடுபவர்களிடம் ஒன்று கேட்கவேண்டும். மருதனார்மடத்தில் பெண் பிள்ளைகளுக்குக் கல்லூரி கட்டியவர், 1921இல் பரமேஸ்வராக் கல்லூரியைத் தொடங்கியவர், அதெல்லாம் பெரிய காரியம். அதே மனிதர் டொனமூர் ஆணைக்குழுவின் சர்வசன வாக்குரிமையை எதிர்த்து நின்றார். அவர் சொன்னபடி நடந்திருந்தால் 1931இல் நம் துறைமுகத்தில் மூட்டை தூக்கியவனுக்கு வாக்கு இல்லை, தமிழனாக இருந்தாலும் சரி, சோனகனாக இருந்தாலும் சரி. எல்லாருக்கும் தலைவர் என்ற வரியை இதோடு சேர்த்து எப்படி எழுதுவீர்கள்?

கீழே கமெண்டில் என்னைத் தமிழரின் ஆள் என்றும், சோனக வெறியன் என்றும் எழுத வருகிறவர்கள் தாராளமாக வரலாம். 1888 கட்டுரையும் 1907 மறுப்பும் இரண்டுமே கிடைக்கிற புத்தகங்கள். வாசித்துவிட்டு, எந்த வாதம் பிழை என்று குறிப்பாக எழுதுங்கள். மற்றதை அழித்துவிடுவேன்.