விளையாடத் தெரியாதவருக்கும் வாசல் திறக்கட்டும்

காத்தான்குடி, ஏறாவூர், ஓட்டமாவடி போன்ற எமது ஊர்களில் கணினி கற்ற இளைஞர்கள் பெருகி வருகின்றனர். கணினி விளையாட்டுக்களை உருவாக்கவும் சிலர் ஆர்வம் காட்டுகின்றனர். வர்த்தகர்கள் இத்துறையில் முதலிட முன்வந்தால், விளையாடிப் பழகாதவர்களுக்கான மெய்நிகர் உலகங்களிலேயே முதலிட வேண்டும் என்பது எனது கருத்து. மெய்நிகர் உலகம் என்பது வேறொன்றுமல்ல. திரைக்குள் நடந்து திரிந்து, பொருட்களைப் பார்த்து, பிறரோடு பேசக்கூடிய ஓர் இடம்.

பெரிய சந்தை அங்கேதான் இருக்கிறது. 2006இல் ஜப்பானின் நின்டெண்டோ நிறுவனம் 'வீ' என்ற விளையாட்டுக் கருவியை வெளியிட்டது. கையிலுள்ளதை டென்னிஸ் மட்டை போல வீசினால், திரையிலுள்ள உருவமும் வீசும். பொத்தான்களை மனனமிடத் தேவையில்லை. முதியோரும் விளையாடினர். 10 கோடிக்கு மேல் விற்பனையானது. அதைவிட ஆற்றல்மிக்க போட்டிக் கருவிகள் இரண்டும் அந்த எண்ணிக்கையை எட்டவில்லை.

மறுபக்கத்தையும் பாருங்கள். 2021இல் பேஸ்புக் நிறுவனம் தனது பெயரையே மெட்டா என மாற்றிக்கொண்டு இத்துறையில் இறங்கியது. அதற்கான பிரிவு 2023இல் மாத்திரம் 16 பில்லியன் டொலர் நட்டம் கண்டது. தலையில் மாட்டும் கருவியை விலை கொடுத்து வாங்கினால்தான் முழுமையாக அனுபவிக்கலாம் என்பது சாதாரண மனிதனுக்கு உயரமான வாசற்படிதான்.

2014இல் மண்முனைப் பாலம் திறக்கப்படும் வரை, அவ்வழியே வரும் படுவான்கரை வாடிக்கையாளர் 'பாதை'க்குக் காத்திருந்தே வாவியைக் கடந்தார். மெய்நிகர் கடையின் வாசலில் அத்தகைய காத்திருப்பு கூடாது. பதிவு, கடவுச்சொல், நீண்ட விளக்கம் எல்லாம் பின்னர் வரட்டும். நடக்க ஒரு விரல், பார்க்க இன்னொரு விரல் என்பதே புதியவருக்குப் பெரும் தடை. போக விரும்பும் இடத்தைத் தொட்டால் அங்கே போய்ச் சேர வேண்டும். தவறாகத் தொட்டால் தண்டனை இருக்கக்கூடாது. திரும்பும் வழி எப்போதும் தெரிய வேண்டும். எழுத்து பெரிதாக, எமது பேச்சுத் தமிழில் இருக்க வேண்டும். சாரி விற்பவர் வந்தவரை இருத்தி, முதலில் ஒன்றை விரித்துக் கையில் கொடுப்பார் அல்லவா? அதே போல முதல் நிமிடத்திலேயே வந்தவர் ஏதாவதொன்றைச் செய்து பார்க்க வேண்டும்.

இளைஞர் செய்து கொண்டுவருவதற்குப் பணம் கொடுக்கும் முன் ஒரு சோதனை செய்யுங்கள். கணினி விளையாட்டைத் தொட்டே அறியாத ஒரு தாயிடம் அதைக் கொடுத்து, ஐந்து நிமிடம் வாய் திறவாமல் அருகில் இருங்கள். அவர் எங்கே தடுமாறுகிறாரோ, திருத்த வேண்டிய இடம் அதுதான். குறை அவரிடம் இல்லை.

வளைகுடாவில் உழைக்கும் கணவரும் ஊரிலுள்ள மனைவியும் பெருநாள் உடுப்பை ஒன்றாகப் பார்த்துத் தெரிவு செய்ய ஒரு கடையை நாம் அமைக்காவிட்டால், வெளியூரார் அமைப்பர். வாடிக்கையாளரும் அங்கே போய்விடுவார். எமது வர்த்தக சங்கங்கள் இது பற்றி இப்போதே கலந்துபேச வேண்டும்.