எங்க லிமிட்ல வராதும்மா!

புகுந்த வீட்டிலிருந்து கட்டிய புடவையோடு வந்துவிட்ட பெண், பிறந்த ஊர் ஸ்டேஷனில் புகார் கொடுக்கப் போனால் காலங்காலமாகக் கேட்ட பதில் இது. 2024 ஜூலை 1 முதல் அமலில் இருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, குற்றம் எந்த ஊரில் நடந்திருந்தாலும் புகாரை வாங்கிக்கொள்ளச் சொல்கிறது. நல்லது. வாங்கிய புகார் அப்புறம் எங்கே போகும்? 'லிமிட்' உள்ள ஊருக்குத்தான்!

2004-ல் உச்ச நீதிமன்றத்துக்குப் போன ஒரு தமிழ்நாட்டு வழக்கு. நாகர்கோவிலில் கணவன் வீட்டை விட்டு வந்த பெண், சென்னையில் வரதட்சணைக் கொடுமை வழக்குப் போட்டார். சென்னையில் எந்தக் குற்றமும் நடக்கவில்லை என்று சொல்லி, அங்கே நடந்த வழக்கை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. இந்த நிலை மாற 2019 ஏப்ரல் 9 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. கொடுமையின் வேதனை தஞ்சம் புகுந்த வீட்டிலும் தொடர்கிறது, எனவே அந்த ஊர் நீதிமன்றமும் விசாரிக்கலாம் என்று மூவர் அமர்வு சொன்னது. பதினைந்து வருடம்!

இதை செக் பவுன்ஸ் கதையோடு ஒப்பிட்டுப் பாருங்கள். 2014 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம், செக் கொடுத்தவரின் வங்கி இருக்கும் ஊரில்தான் வழக்கு என்றது. பணம் வர வேண்டியவர்கள் அலறினார்கள். 2015 ஜூனிலேயே அவசரச் சட்டம் வந்தது. செக்கை வசூலுக்குப் போட்டவரின் வங்கிக் கிளை இருக்கும் ஊரிலேயே வழக்குப் போடலாம் என்று ஆனது. ஒரு வருடம்கூட ஆகவில்லை. ஃப்ரிட்ஜ் ரிப்பேர் என்றாலும் 2019 நுகர்வோர் சட்டப்படி வாங்கியவர் தன் ஊரிலேயே புகார் கொடுக்கலாம். அதே ஃப்ரிட்ஜ் சீர்வரிசையில் போய் மாமியார் வீட்டில் மாட்டிக்கொண்டால்?

2019 தீர்ப்பு கொடுமைக்குத்தான். நகைக்கும் பாத்திரத்துக்கும் அல்ல. ஸ்ரீதனம் மனைவியின் சொத்து, அதைத் திருப்பித் தராதது நம்பிக்கை மோசடி என்று 1985-லேயே சொல்லியாகிவிட்டது. ஆனால் அந்த வழக்கு எந்த ஊரில்? பொருளை வாங்கிய இடம், வைத்திருக்கும் இடம், திருப்பித் தர வேண்டிய இடம் என்கிறது சட்டம். கல்யாணம் பெண் ஊரில் நடந்திருந்தால் 'இங்கேதான் வாங்கினார்கள்' என்று வாதாடலாம். மாப்பிள்ளை ஊரில் நடந்திருந்தால் அந்த வழியும் போச்சு. ஆக, எந்த ஊரில் மண்டபம் புக் செய்தார்கள் என்பதை வைத்து ஒரு பெண்ணின் நியாயம் தீர்மானமாகிறது!

'திருப்பித் தர வேண்டிய இடம்' எது என்பதில்தான் சண்டையே. வரதட்சணைத் தடைச் சட்டம் பிரிவு 6, வேறு யார் வாங்கியிருந்தாலும் மூன்று மாதத்துக்குள் பெண்ணிடம் ஒப்படைக்கச் சொல்கிறது. எங்கே என்று சொல்லவில்லை. பி.காம். பிசினஸ் லா படித்தவர்களுக்கு 1872 ஒப்பந்தச் சட்டத்தின் பிரிவு 49 நினைவிருக்கலாம். கேட்காமலே நிறைவேற்ற வேண்டிய வாக்குக்கு இடம் குறிக்கப்படவில்லை என்றால், கொடுக்க வேண்டியவர்தான் வாங்க வேண்டியவரிடம் போய் 'எங்கே தரட்டும்?' என்று கேட்க வேண்டும். நெல் மூட்டைக்கு உள்ள மரியாதை தாலிக்கொடிக்கு இல்லையா?

வயதான மாமனாரையும் கட்டிக்கொடுத்த நாத்தனாரையும் ஊர் ஊராக இழுத்தடிப்பார்கள் என்று மறுதரப்பு சொல்கிறது. அந்தப் பயம் முழுப் பொய் இல்லை. ஆனால் நேரில் ஆஜராவதிலிருந்து அவர்கள் விலக்கு கேட்கலாம், வழக்கை மாற்றச் சொல்லி மனுவும் போடலாம். கழுத்து நகையும் இல்லாமல் கைக்குழந்தையோடு ஒவ்வொரு வாய்தாவுக்கும் பஸ் ஏறுகிறவளுக்கு யார் டிக்கெட் எடுப்பது?

நாடாளுமன்றத்துக்கு இது தெரியாததும் அல்ல. மனைவி தான் வசிக்கும் ஊரிலேயே விவாகரத்து மனு போடலாம் என்று 2003-ல் இந்துத் திருமணச் சட்டத்தைத் திருத்தினார்கள். 2005 குடும்ப வன்முறைச் சட்டத்தில், அவள் தற்காலிகமாகத் தங்கியிருக்கும் ஊர் மாஜிஸ்திரேட்டே ஸ்ரீதனத்தைத் திருப்பித் தரச் சொல்லி உத்தரவிடலாம். அதே நகைக்கு நம்பிக்கை மோசடி வழக்கு என்றால் மட்டும் வேறு ஊர். 2023-ல் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தையே மாற்றி எழுதினார்களே, அப்போதாவது சரி செய்திருக்கலாம். 181(4) என்ற எண்ணை 201(4) ஆக்கியதோடு சரி. மனைவியின் ஸ்ரீதனத்தைப் பொறுத்தவரை திருப்பித் தர வேண்டிய இடம் என்பது அவள் அப்போது வசிக்கும் ஊரையும் குறிக்கும் என்று அதில் ஒரே ஒரு விளக்க வரி சேர்த்தால் போதும். செக்குக்கு எழுதத் தெரிந்தவர்களுக்கு இதை எழுத எத்தனை நாள் ஆகும்?