மெடிக் தியாகியல்லர்

வலோரன்ட்டின் மும்பைச் சர்வரில் எந்த மாலையிலும் காணக்கூடிய காட்சி அது. ஏஜென்ட் தேர்வுத் திரை திறந்த சில நொடிகளுக்குள் ஜெட்டும் ரேனாவும் ரேஸும் பறிபோய்விடுகிறார்கள். இன்னும் தேர்ந்தெடுக்காமல் மிஞ்சியிருக்கும் ஐந்தாமவரை நோக்கி, 'சேஜ் லே லே யார்' என்றொரு குரல் எழுகிறது. கேட்பது போன்ற தொனி. உள்ளே இருப்பது கட்டளை. வாய்ஸ் சாட்டில் அதற்கு முன்பே ஒரு பெண்குரல் ஒலித்திருந்தால் ஐந்தாமவர் வரை காத்திருக்கும் மரியாதையும் தேவைப்படுவதில்லை. அந்தக் குரலுக்குரியவர்தான் சேஜ் என்பது பேசாமலே முடிவாகிவிடுகிறது.

இந்த முடிவுக்குப் பின்னால் இருக்கும் சித்தாந்தம் எளியது: குறிபார்த்துச் சுடத் தெரிந்தவர் சுடட்டும், தெரியாதவர் குணப்படுத்தட்டும். இதை மறுக்கப் புறப்படுபவர்களோ பெரும்பாலும் இன்னொரு பள்ளத்தில் விழுகிறார்கள். ஹீலர் தன்னலமற்றவர், அணியின் தாய், புகழை வேண்டாதவர், பின்னால் நின்று பிறரை வாழவைப்பவர் என்று பாமாலை தொடுக்கிறார்கள். இழிவுரையும் புகழுரையும் எதிரெதிர் முனைகளாகத் தோன்றினாலும் இரண்டும் சொல்வது ஒன்றே: இந்த வேலைக்கு மனம் போதும், மூளை தேவையில்லை. இரண்டில் கூடுதல் தீங்கு செய்வது புகழுரைதான். இழிவுபடுத்துபவரிடம் வாதாடலாம், மாலையோடு வந்து நிற்பவரிடம் எப்படி வாதாடுவது?

வால்வ் நிறுவனம் 2007இல் வெளியிட்டு இன்றும் ஆடப்பட்டுவரும் டீம் ஃபோர்ட்ரெஸ் 2 விளையாட்டை எடுத்துக்கொள்வோம். அதில் ஒன்பது பாத்திர வகைகள். அவற்றுள் ஒருவர் மெடிக். ஆறு பேர் கொண்ட அணிகள் மோதும் போட்டி வடிவத்தில் ஓர் அணிக்கு ஒரே ஒரு மெடிக்தான் அனுமதி. அவர் கையிலிருக்கும் மெடிகன், அடிபட்டுக்கொண்டிருப்பவரை நொடிக்கு 24 புள்ளிகள் என்ற வேகத்தில் குணப்படுத்தும். சற்றுநேரமாக அடிபடாமல் இருப்பவருக்கு அந்த வேகம் படிப்படியாக ஏறி 72 வரை போகும். காயம் முழுதும் ஆறிய பின்னும் கற்றை நீடித்தால் உயிர்ப்புள்ளி இயல்பளவைத் தாண்டி ஒன்றரை மடங்குவரை உயரும். இப்படிக் குணப்படுத்தக் குணப்படுத்த நிரம்புவதுதான் உபர்சார்ஜ். வழக்கமான மெடிகனில் அது நிரம்பக் குறைந்தது 40 நொடி. அதைச் செலவிட்டால் மெடிக்கும் அவருடைய கற்றை தொட்டிருப்பவரும் 8 நொடிகளுக்கு எந்தத் தோட்டாவுக்கும் சாவதில்லை. நிரம்புமுன் மெடிக் செத்துவிட்டால் சேர்த்ததெல்லாம் பூச்சியம்.

எண்களை இப்படி அடுக்குவதற்குக் காரணம் உண்டு. மெடிக் கையாளும் பொருள் மருந்து என்று பார்வையாளர் நினைக்கிறார். அவர் உண்மையில் கையாள்வது காலம். உயிர்ப்புள்ளி ஏறக்குறைய உச்சத்தைத் தொட்டுவிட்ட ஒருவரையே தொடர்ந்து குணப்படுத்தினால் உபர் பாதி வேகத்தில்தான் நிரம்பும். ஆகவே காயப்பட்டவர் எவரும் அருகில் இல்லாத இடைவேளைகளில், தேர்ந்த அணியின் சோல்ஜர் தன் காலடியிலேயே ராக்கெட்டை வெடித்துத் தன்னைத்தானே காயப்படுத்திக்கொண்டு மெடிக்கின் முன் வந்து நிற்பார். வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இது பைத்தியக்காரத்தனம். உள்ளே இருப்பவர்களுக்கு இது சேமிப்பு. எதிரணி மெடிக் தன் உபரை எப்போது செலவிட்டார், இடையில் செத்தாரா, அடுத்தது எப்போது நிரம்பும் என்ற கணக்கும் மெடிக்கின் தலையில்தான் ஓடிக்கொண்டிருக்கிறது. 'நம்மிடம் 90, அவர்களிடம் 70' என்று அவர் சொல்லும் ஒற்றை வரியின்மேல்தான் மற்ற ஐவரும் பாய்வதா பதுங்குவதா என்பது நிற்கிறது. சாகாவரம் பெற்ற அந்த 8 நொடிகளில் களப்புள்ளியைக் கைப்பற்ற முடியாது என்றொரு விதியும் உண்டு. எதிரியை விரட்டலாம், நிலத்தைப் பிடிக்க முடியாது. எனவே உபரை எப்போது தொடங்குவது என்பதைவிட, அது முடியும் கணத்தில் அணி எங்கே நிற்க வேண்டும் என்பதே கடினமான கேள்வி. இவ்வளவையும் கணக்கிடுபவரைத்தான் 'சுடத் தெரியாதவர்' என்கிறார்கள்.

ஆயுதத் தேர்வும் அப்படியே. எதை எடுத்துக்கொண்டு களமிறங்குவது என்பது மெடிக் தன் அணியைப் பற்றி எழுதும் மதிப்பீட்டறிக்கை. கிரிட்ஸ்கிரீக் என்ற மாற்று மெடிகன் கால்பங்கு விரைவாக நிரம்பும். ஆனால் அது தருவது சாகாவரமன்று, 8 நொடிகளுக்கு மும்மடங்கு சேதம். எதிரணியின் உபர் நிரம்புமுன் நம்முடையது நிரம்பும் என்ற துணிவும், அந்த மும்மடங்கை வீணாக்காமல் எறியத் தெரிந்த டெமோமேன் ஒருவர் அணியில் இருக்கிறார் என்ற நம்பிக்கையும் இருந்தால்தான் அதை எடுக்க முடியும். குயிக்ஃபிக்ஸ் 40 விழுக்காடு வேகமாகக் குணப்படுத்தும். ஆனால் மிகையாக ஏற்றும் உயிர்ப்புள்ளியைப் பாதியாக வெட்டிவிடும். ஒருவரையே தாங்கிப் பிடிக்காமல் சிதறி ஓடும் அணிக்கு அது பொருந்தும். கையில் பிடிக்கும் ரம்பமான உபர்சா, எதிரியின்மேல் ஒருமுறை பட்டாலே உபரில் 25 விழுக்காட்டைத் தந்துவிடும். மெடிக்கைத் தேடிப் பின்பக்கமாக வரும் ஸ்கௌட்டுக்கு அது விடை. குறுக்குவில்லான க்ரூசேடர்ஸ் கிராஸ்போவோ, தொலைவைப் பொறுத்து 75 முதல் 150 புள்ளிகள் வரை ஒரே அம்பில் குணப்படுத்தும். தொலைவு கூடக் கூட மருந்தும் கூடும். காற்றில் தாவிச் செல்லும் தோழரைக் களத்தின் மறுமுனையிலிருந்து அம்பால் தொட வேண்டும். தவறினால் அவர் செத்தார். குறிபார்க்கத் தெரியாதவருக்கான வேலை என்ற வாதம் இந்த ஒரு வில்லிலேயே முறிகிறது. ஓவர்வாட்ச்சில் 2016 ஜூலையில் வந்த ஆனா ஒரு ஸ்னைப்பர். தோழர்மேல் குறிதவறாமல் சுட்டுத்தான் அவர் பெரும்பாலும் குணப்படுத்துகிறார்.

ஹீலரின் கலை, யாரைக் குணப்படுத்தக் கூடாது என்பதை அறிவதில் இருக்கிறது. ஒரே நேரத்தில் மூவர் மெடிக்கை அழைக்கிறார்கள். ஒருவர் எல்லாருக்கும் முன்னால் தனியே பாய்ந்து சிக்கிக்கொண்டவர்; அவரிடம் ஓடினால் இருவரும் சாவார்கள். இன்னொருவருக்குக் கொஞ்சம் காயம், குரல் மட்டும் பெரிது. மூன்றாமவர் வாய்திறக்கவில்லை, ஆனால் அடுத்த மோதலை நடத்தப்போவது அவர்தான். மெடிக் மூன்றாமவரிடம் போகிறார், முதலாமவரைச் சாகவிடுகிறார். முதலாமவர் மைக்கில் வசைபாடுகிறார். நெப்போலியனின் படையில் அறுவை மருத்துவராக இருந்த டொமினிக் ழான் லாரே, காயப்பட்டோரைப் பதவி பாராமல் காயத்தின் கடுமையைக் கொண்டு வரிசைப்படுத்தினார் என்பது மருத்துவ வரலாற்றில் பெருமையோடு சொல்லப்படுகிறது. அந்த வரிசைப்படுத்தலுக்கு ட்ரியாஜ் என்று பெயர். தளபதியைக் காத்திருக்கச் சொல்லும் அதிகாரம் மருத்துவருக்கு இருந்தால்தான் ட்ரியாஜ் நடக்கும். விளையாட்டு மெடிக்கிடம் அந்த முடிவை எடுக்கும் பொறுப்பு இருக்கிறது, அதிகாரம் இல்லை. 'தாய்' என்று அழைக்கப்பட்டவர் மறுக்கும்போது அது முடிவாகக் கருதப்படாமல் துரோகமாகக் கருதப்படுகிறது. பாமாலையின் விலை இது.

பிறகு எண்ணிக்கை. வலோரன்ட்டில் ஆட்டம் முடிந்ததும் வரும் ஸ்கோர்போர்டு, சராசரிப் போர்ப்புள்ளியின்படி வீரர்களை வரிசையாக நிறுத்துகிறது. கொலை, மரணம், துணைக்கொலை, முதல் குருதி, குண்டு வைத்தது, குண்டைச் செயலிழக்கச் செய்தது என்று பத்திகள் நீள்கின்றன. குணப்படுத்தியதற்கென ஒரு பத்தி அங்கே இல்லை. எண்ணாததை எவரும் மதிப்பதில்லை என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. ஆனால் பத்தி ஒன்றைச் சேர்த்துவிட்டால் நீதி கிடைத்துவிடும் என்று நம்புபவர்கள் ஓவர்வாட்ச் 2ஐப் பார்க்கட்டும். 2022இல் வந்த அந்த விளையாட்டில் குணப்படுத்திய அளவு எல்லார் கண்ணுக்கும் தெரியும்படி திரையில் இருக்கிறது. விளைவு? அடியை வாங்கிக்கொண்டே நிற்கும் பெருத்த டேங்க் மீது கற்றையை ஒட்டிவைத்தால் எண் ஏறும். சாகக்கிடக்கும் ஒருவரைச் சரியான அரைநொடியில் மீட்டால் எண் அசைவதேயில்லை. எண் குறைந்த ஹீலரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்ற அந்தப் பத்தியே இப்போது ஆதாரமாகிறது.

வெகுமதி தவறான இடத்தில் வைக்கப்பட்டால் ஹீலரும் தவறாகத்தான் ஆடுவார் என்பதற்குப் பழைய மெர்சி சாட்சி. 2016இல் ஓவர்வாட்ச் வந்தபோது மெர்சியின் உச்ச ஆற்றல், அருகில் செத்துக்கிடக்கும் தோழர்கள் அனைவரையும் ஒரே வீச்சில் எழுப்புவது. தோழர்களைச் சாகவிட்டு, ஒரு மூலையில் ஒளிந்திருந்து, பிறகு பறந்துவந்து ஐவரையும் எழுப்புவதே இலாபமான ஆட்டம் என்று ஆயிற்று. அப்படி ஒளிந்தவர்கள் கோழைகள் என்று திட்டப்பட்டார்கள். ஒளியச் சொல்லிக் கூலி கொடுத்ததோ வடிவமைப்பு. 2017 செப்டம்பரில் ஒருவரை மட்டும் எழுப்பும் சிறு ஆற்றலாக அது குறுக்கப்பட்டது.

எதிர்த்தரப்புக்கு ஒரு நியாயமான வாதம் உண்டு, அதை மறைப்பது நேர்மையாகாது. குணப்படுத்துதல் மிகுந்தால் மோதல்கள் முடிவதே இல்லை. 2018இன் பிற்பகுதியிலும் 2019இலும் ஓவர்வாட்ச் போட்டிகளை கோட்ஸ் எனப்பட்ட உத்தி ஆண்டது: மூன்று டேங்க், மூன்று ஹீலர், சுடுவதற்கென்று ஒருவரும் இல்லை. பார்த்தவர்கள் சலித்துப்போனார்கள். 2019இல் இரண்டு இரண்டு இரண்டு என்று பாத்திரங்கள் பூட்டப்பட்டன. 2024 பிப்ரவரியில், சேதம் விளைவிக்கும் பாத்திரங்களின் அடி பட்டவருக்குச் சிறிதுநேரம் மருந்தின் பலன் குறையும் என்ற விதி வந்தது. ஹீலர் அல்லாதவர்க்கும் தாமாகவே உயிர்ப்புள்ளி மீளும் வசதி தரப்பட்டது. இவற்றுக்குத் தேவை இருந்தது. ஆயினும் மருந்தின் அளவைக் குறைப்பதற்கு எப்போதும் தயாராக இருக்கும் கை, மருந்து கொடுப்பவரின் முடிவெடுக்கும் வெளியை விரிக்க அதே விரைவோடு நீள்வதில்லை.

உருவங்களையும் பார்க்கலாம். 2011இல் வால்வ் வெளியிட்ட குறும்படத்தில் வரும் மெடிக், மருத்துவ உரிமம் பறிபோன, புறாக்களோடு அறுவை செய்யும் ஒரு பித்தர். ஆணாக இருப்பதால் அவருக்குப் பித்து அனுமதிக்கப்பட்டிருக்கிறது. மெர்சிக்குச் சிறகும் ஒளிவட்டமும். சேஜுக்கு அமைதி தவழும் முகம். மொய்ரா போன்ற அறம் துறந்த பெண் விஞ்ஞானியும், முதுமையில் துப்பாக்கி ஏந்திய ஆனாவும் இந்த வார்ப்பை உடைத்தார்கள் என்பது உண்மை. ஆனால் வாய்ஸ் சாட்டில் பெண்குரல் கேட்டதும் நினைவுக்கு வருபவர் மொய்ரா அல்லர். பெண்களுக்கென கேம் சேஞ்சர்ஸ் என்ற தனிப் போட்டித்தொடர் 2021 முதல் வலோரன்ட்டில் நடக்கிறது. அங்கே ஒவ்வோர் அணியிலும் டூயலிஸ்ட் ஆடுபவரும் பெண்ணே, அணியை நடத்துபவரும் பெண்ணே. தெருவில் நடக்கும் ஆட்டத்துக்கு மட்டும் அந்தச் செய்தி இன்னும் வந்துசேரவில்லை.

இந்தப் பழக்கம் கணினித் திரையில் பிறந்ததன்று. 2020 மார்ச் 22 மாலை 5 மணிக்கு நாடு முழுவதும் மருத்துவப் பணியாளர்களுக்காகக் கைதட்டியது, தட்டுகளைத் தட்டியது. அவர்களுள் ஏறத்தாழ பத்து லட்சம் ஆஷா பணியாளர்களும் அடக்கம். 2005இல் தேசிய ஊரக சுகாதார இயக்கத்தோடு தொடங்கிய அந்தப் பணியில் இருப்போர் அனைவரும் பெண்கள். அரசின் ஏட்டில் அவர்கள் இன்றும் 'தன்னார்வலர்கள்'. செய்த பணிக்கேற்ற ஊக்கத்தொகை உண்டு, ஊழியர் என்ற தகுதி இல்லை. 2022இல் உலக சுகாதார நிறுவனம் அவர்களுக்கு விருதளித்தது. 2025 பிப்ரவரியில் அவர்களுள் ஒரு பகுதியினர் மதிப்பூதிய உயர்வு கேட்டுத் திருவனந்தபுரத்தில் தலைமைச் செயலகத்தின் முன் அமர்ந்தார்கள். விளையாட்டில் வசைகேட்கும் சேஜின் வருத்தமும் அவர்களுடைய வயிற்றுப்பாடும் ஒரே தராசில் நிற்பவை அல்ல. ஆனால் தராசை ஏமாற்றும் கை ஒன்றுதான். பராமரிப்பை இயல்பான குணம் என்று சொல்லிவிட்டால் அதற்குக் கூலி தர வேண்டியதில்லை, அதைச் செய்பவரின் சொல்லைக் கேட்க வேண்டியதுமில்லை. பதினெட்டு வயதில் ஓர் இளைஞன் அன்றாடம் நான்கு ஆட்டங்களில் இதைப் பயில்கிறான் என்றால், வெறும் விளையாட்டுத்தானே என்று கடந்துபோவது எளிதல்ல.

ஹீலருக்கு நன்றியறிவிப்புகளும் ஆட்டமுடிவு அட்டைகளும் ஏற்கெனவே போதிய அளவில் இருக்கின்றன. அவருக்குத் தேவை, 'இப்போது பாயாதே' என்று அவர் சொன்னால் மற்ற நால்வரும் நிற்பது. டீம் ஃபோர்ட்ரெஸ் 2இன் போட்டி அணிகளில் இது பெருமளவுக்கு நடக்கிறது. எதிரி மெடிக் வீழ்ந்தார் என்ற ஒற்றை அறிவிப்பில் ஆறு பேரும் திரும்பிப் பாய்கிறார்கள். தம் மெடிக் வீழ்ந்தால் வாதமின்றிப் பின்வாங்குகிறார்கள். அங்கே எவரும் மெடிக்கைத் தாய் என்று அழைப்பதில்லை.

மும்பைச் சர்வரிலும் எப்போதாவது ஒரு சேஜ் அப்படிப் பேசுவதுண்டு. 'எடுக்கிறேன், ஆனால் எப்போது உள்ளே போவது என்று நான்தான் சொல்வேன்' என்கிறார். சொல்லி முடிக்குமுன் ஜெட் ஆடுபவர் அவரை மியூட் செய்திருப்பார். முதல் சுற்றில் தனியே பாய்ந்து செத்தபின், 'ஹீல் எங்கே?' என்று அவரே சாட்டில் தட்டச்சு செய்வார்.