கேட்காத கேள்வி

2011இல் ஸ்டார் பிளஸில் 'இஸ் பியார் கோ க்யா நாம் தூன்' என்று ஓர் இந்தித் தொடர் வந்தது. பிறகு அது 'இது காதலா' என்று தமிழ் பேசிற்று. தலைப்பே கேட்பதால் பதில் சொல்லிவிடுகிறேன்: இல்லை.

தன் அக்காள் புருஷன் ஷ்யாம், குஷியை அணைத்து நிற்பதை மொட்டைமாடியில் பார்த்துவிடுகிறான் கதாநாயகன் அர்னவ். அந்த மனிதன் அவளைத் துரத்தித் தொல்லை கொடுப்பவன் என்பது நமக்குத் தெரியும், இவனுக்குத் தெரியாது. தெரியாதது குற்றமில்லை, அவளை ஒரு வார்த்தை கேட்காததே குற்றம். கேட்பதற்குப் பதில், "ஆறு மாதத்துக்கு என்னைக் கல்யாணம் செய்துகொள், மறுத்தால் உன் அக்காள் கல்யாணம் நடக்காது" என்று மிரட்டித் தாலி கட்டுகிறான்!

"கேட்டுவிட்டால் கதை ஏது?" என்கிறார்கள் சிநேகிதர்கள். நானும் கதை எழுதிப் பிழைக்கிறவன்தான், ஐயா! கேட்ட பின், நம்புவதா வேண்டாமா என்று ஒருவன் தவிப்பானே, அங்கேதான் கதை ஆரம்பம். ஒதெல்லோவும் சந்தேகப்பட்டான். ஷேக்ஸ்பியர் அதற்குச் சந்தனம் பூசவில்லை. கொலை என்றே காட்டினார். இங்கேயோ உண்மை தெரிகிறது, மன்னிப்பு கிடைக்கிறது, மறுபடியும் அதே ஜோடிக்குக் கல்யாணம்!

நம் வீட்டுப் பெண்ணை ஒருவன் இப்படி மிரட்டினால், "எவ்வளவு ஆசை!" என்றா உருகுவோம்?

நம்பிக்கை முறிந்த கதை என்கிறார்கள். முறிவதற்கு முதலில் அது இருந்திருக்க வேண்டாமா?