கையிலே நோவு, கழுத்திலே காரணம்

நங்கநல்லூர் ஆஞ்சநேயரை நெஞ்சுக்கு நேரே கை குவித்துக் கும்பிடுகிறவர்கள் குறைவு. ஒரே கல்லில் 32 அடி உயரம் நிற்கிறார் அவர். 1995-ல் கும்பாபிஷேகம் நடந்ததிலிருந்து, வருகிறவர்கள் அண்ணாந்து பார்ப்பதும் கைகளைத் தலைக்கு மேலே தூக்குவதும் வழக்கமாகிவிட்டது.

சில மாதங்களுக்கு முன் ஒரு சனிக்கிழமை காலை, எனக்குப் பக்கத்தில் நின்ற மாமி ஒருவரும் அப்படித்தான் கைகளைத் தூக்கினார். அரை நிமிஷம் ஆகியிராது. வலது கையைத் தொப்பென்று கீழே போட்டுவிட்டார்.

"ராமா! மறுபடியும் செத்துப் போயிடுத்து" என்றார்.

செத்தது கை!

பிரதட்சிணம் முடிந்து உட்கார்ந்ததும் விசாரித்தேன். "ஏன் கேக்கறேள், போங்கோ" என்று ஆரம்பித்தார். ஒரு வருஷமாகச் சுண்டு விரலும் மோதிர விரலும் மரத்துப் போகின்றனவாம். பெண்ணுக்குத் தலை பின்ன ஆரம்பித்தால் பாதிப் பின்னலிலேயே கை இரும்பாய்க் கனக்கிறதாம். உயரக் கட்டிய கொடியில் புடைவை உலர்த்த முடியவில்லை. காய்கறிப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு வந்தால் அன்று ராத்திரி தூக்கம் போயிற்று. வீட்டுக்காரர், "எல்லாம் உன் மனப் பிரமை" என்கிறார். மாமியார், "வாயு" என்கிறார். ஒரு டாக்டரோ மணிக்கட்டில் நரம்பு அழுந்துகிறது என்று சொல்லி ஆபரேஷனுக்குத் தேதியே குறித்துக் கொடுத்துவிட்டார். அந்தத் தேதிக்கு இன்னும் பத்து நாள்தான் பாக்கி.

"அதற்குள் வேறொரு நரம்பு டாக்டரிடமும் ஒரு தடவை காட்டிவிடுங்களேன், மாமி" என்றேன். பத்திரிகைக்காரருக்கு அதற்கு மேல் வைத்தியம் சொல்ல அதிகாரம் கிடையாது.

அந்த இரண்டாவது டாக்டர் மணிக்கட்டோடு நிற்காமல் கழுத்தையும் பார்த்தார். மாமியை நிமிர்ந்து உட்காரச் சொல்லி, இரண்டு கைகளையும் முழங்கையில் மடக்கித் தோளுயரத்துக்குத் தூக்கி, விரல்களை மூடி மூடித் திறக்கச் சொன்னார். மூன்று நிமிஷம் அப்படிச் செய்ய வேண்டும். மாமிக்கு ஒன்றேகால் நிமிஷத்திலேயே கை விழுந்துவிட்டது. சந்நிதியில் நடந்ததேதான்! பிறகு காரை எலும்புக்கு மேலே விரலால் அழுத்தினார். சுண்டு விரல் வரை மின்சாரம் பாய்ந்தது போல் ஓடிற்று.

வியாதியின் பெயர் தொராசிக் அவுட்லெட் சிண்ட்ரோம். பெயர் வாயில் நுழையாவிட்டாலும் விஷயம் எளியதுதான். கைக்குப் போகும் நரம்புகள் கழுத்திலிருந்து பின்னலாகப் புறப்பட்டு, ஸ்கேலீன் என்ற தசைகளின் நடுவே புகுந்து, காரை எலும்புக்கும் முதல் விலா எலும்புக்கும் இடையேயுள்ள இடுக்கு வழியாக அக்குளுக்கு இறங்குகின்றன. கைக்கு ரத்தம் கொண்டுபோகும் குழாயும் அதைத் திருப்பிக் கொண்டுவரும் குழாயும்கூட அந்தக் காரை எலும்புக்கு அடியில்தான் போயாக வேண்டும். மாலை ஆறு மணிக்குப் பழவந்தாங்கல் சுரங்கப் பாதையைக் கடந்தவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டாம். கையைத் தூக்கினால் இடுக்கு இன்னும் குறுகுகிறது. தோள் தொங்கிப் போனாலும், தசை தடித்தாலும், வண்டியிலிருந்து விழுந்து கழுத்தில் அடிபட்டாலும் அப்படியே. இந்தத் தொல்லை ஆண்களைவிடப் பெண்களுக்குத்தான் அதிகம். உள்ளாடையின் மெல்லிய நாடா தோளில் வெட்டுவதும் நோவைக் கூட்டலாம். இதை டாக்டரிடம் சொல்லக் கூச்சப்பட வேண்டியதில்லை.

சிலருக்குக் கழுத்தில் விலா எலும்பு ஒன்று கூடுதலாகவே இருக்கும். நூறு பேரில் ஒருவருக்கோ, அதற்கும் குறைவாகவோதான். அவர்களிலும் பெரும்பாலோர் அது இருப்பதே தெரியாமல் சௌக்கியமாக வாழ்கிறார்கள். 1861-லேயே லண்டனில் கூட் என்ற டாக்டர் ஒரு பெண்மணிக்கு இந்த எலும்பை வெட்டி எடுத்திருக்கிறார். வியாதிக்கு இன்றைய பெயர் வந்தது 1956-ல். அமெரிக்காவின் மேயோ கிளினிக்கைச் சேர்ந்த பீட் முதலானவர்கள் அப்படி அழைத்தார்கள். அந்தக் கட்டுரையிலேயே தேகப் பயிற்சியையும் சிகிச்சையாகச் சொல்லியிருந்தார்கள் என்பதுதான் விசேஷம். கத்தியைக் கண்டு நடுங்கும் நம்மைப் போன்றவர்களுக்கு அது நல்ல செய்தி அல்லவா?

விரல் மரத்தால் எல்லாம் இதுதான் என்று முடிவு கட்டிவிடாதீர்கள். கட்டை விரலும் அடுத்த இரண்டும் மரத்து, நடு ராத்திரியில் எழுந்து கையை உதறினால் சரியாகிறதென்றால், அது பெரும்பாலும் மணிக்கட்டு விவகாரம். சுண்டு விரல் பக்கம் மரத்தால் கழுத்து, காரை எலும்பு, முழங்கை என்று மூன்று இடத்தையும் பார்த்தாக வேண்டும். நம் நாட்டில் இன்னொன்றும் உண்டு. குஷ்டம் முழங்கை நரம்பைத் தாக்கி அதே விரல்களை மரக்கச் செய்யும். அதற்கு அரசாங்க ஆஸ்பத்திரிகளில் இலவச மருந்து உண்டு, முழுக்கக் குணமாகும். உணர்ச்சியில்லாத தேமல் எங்கேயாவது இருந்தால் மறைக்காமல் காட்டுங்கள். இடது கை வலியோடு மார்பு இறுக்கமும் வியர்வையும் சேர்ந்தால் இந்தக் கட்டுரையை மூடிவிட்டு உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

இதில் ஒரு சங்கடமும் இருக்கிறது. நரம்பு அழுந்தும் வகைக்கு, "ஆம், இதுதான்" என்று அடித்துச் சொல்லும் ஒற்றைப் பரிசோதனை கிடையாது. எக்ஸ்ரே, ஸ்கேன், நரம்புப் பரிசோதனை எல்லாமே சரியாக இருந்தும் நோவு மட்டும் போகாமல் இருக்கும். மனப் பிரமை என்ற பட்டம் வந்து சேருவது அப்போதுதான். டாக்டர்களுக்குள்ளேயே அபிப்பிராய பேதம் உண்டு. அவசரமாகக் கத்தி வைக்காமலிருக்க அதுவே ஒரு காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது.

நோயாளிகளில் நூற்றுக்கு 90-க்கு மேல் நரம்பு வகைதான். அவர்களுக்கு முதல் மருந்து பயிற்சி. தோள் எலும்புகளை மெதுவாகப் பின்னுக்கும் கீழுக்கும் இழுத்துச் சில விநாடி நிறுத்துவது, மார்பைத் தூக்காமல் வயிறு எழும்ப மூச்சு விடுவது, தலையை ஒரு பக்கமாக இதமாகச் சாய்ப்பது - எல்லாம் வீட்டிலேயே செய்யக்கூடியவை. ஆனால் பிஸியோதெரபிஸ்டிடம் ஒரு தடவை நேரில் கற்றுக்கொண்டபின்தான். வலிக்க வலிக்கச் செய்தால் நோவு கூடும். மூன்று நான்கு மாதம் விடாமல் செய்ய வேண்டும். நம்மில் பலர் மூன்றாம் வாரமே நிறுத்திவிடுகிறோம். அப்படிச் செய்தும் தீராமல் கை மெலிய ஆரம்பித்தால், முதல் விலா எலும்பையும் தசையையும் எடுக்கும் ஆபரேஷன் இருக்கிறது. நரம்பு, நுரையீரல் இரண்டும் பக்கத்திலேயே இருப்பதால் கை தேர்ந்தவர்தான் செய்ய வேண்டும்.

ரத்தக் குழாய் வகைகள் அபூர்வம். ஆனால் அவை காத்திருக்காது. கை திடீரென்று வீங்கி நீலம் பாய்ந்தால் உள்ளே ரத்தம் உறைந்திருக்கலாம். விரல்கள் வெளுத்துச் சில்லிட்டால் ரத்தம் போய்ச் சேரவில்லை என்று சந்தேகிக்க வேண்டும். ஒத்தடம், தைலம் என்று அன்றைய தினத்தை வீணாக்காதீர்கள். சென்னையில் ராஜீவ் காந்தி அரசு பொது மருத்துவமனையில் ரத்தக் குழாய் அறுவைக்கும் நரம்பு நோய்க்கும் தனிப் பிரிவுகள் உண்டு. சாதாரண நாளில் பழவந்தாங்கலில் மின்சார ரயில் ஏறிப் பார்க் ஸ்டேஷனில் இறங்கினால் நடை தூரம். அவசரமென்றால் 108-ஐக் கூப்பிடுங்கள்.

மாமியைப் போன வாரம் மறுபடி பார்த்தேன். மணிக்கட்டு ஆபரேஷனை ரத்து செய்து ஐந்து மாதமாகிறது. மரத்துப் போவது குறைந்து, ராத்திரி தூக்கம் வருகிறதாம். மூன்று நிமிஷச் சோதனையில் இப்போது இரண்டரை நிமிஷம் தாங்குகிறார். காய்கறிப் பைக்குச் சக்கர வண்டி வாங்கியாயிற்று. பெண் தன் தலையைத் தானே பின்னிக்கொள்கிறாள். கோணல் வகிடுதான், மாமி ஒன்றும் சொல்வதில்லை.

கொடியை யார் தாழ்த்திக் கட்டினார்கள் என்று கேட்டேன். "அவர்தான். மனப் பிரமைன்னாரே, அவரேதான்" என்றார் மாமி.