பறித்த கூடைக்கு யார் பொறுப்பு?

2024 ஜூலை 1, பாரதிய நியாய சன்ஹிதா நடைமுறைக்கு வந்த நாள். அன்றே புதுடெல்லி ரயில் நிலையத்துக்கு அருகே நடைமேம்பாலத்தின் கீழ் தண்ணீர் பாட்டிலும் பீடி சிகரெட்டும் விற்ற ஒரு தள்ளுவண்டிக்காரர்மீது, பாதையை மறித்ததாக அச்சட்டத்தின் 285-வது பிரிவில் வழக்குப் பதிவானது. நாடெங்கும் அது செய்தியான பிறகு, போலீஸார் மறு ஆய்வு செய்து வழக்கைக் கைவிட்டதாக உள்துறை அமைச்சர் அமித் ஷா சொன்னார். அந்த ஒருவர் தப்பினார். பிரிவு அப்படியே இருக்கிறது. பழைய தண்டனைச் சட்டத்தில் இதே குற்றத்துக்கு 200 ரூபாயாக இருந்த உச்ச அபராதம், இப்போது 5,000 ரூபாய். கொரோனா காலத்தில் சாலையோர வியாபாரிகள் மீண்டும் கடை போடுவதற்கு மத்திய அரசு அறிவித்த முதல் கடன் 10,000 ரூபாய்தான். அதில் பாதியை ஒரே அபராதம் விழுங்கிவிடலாம்.

இத்தனைக்கும் இவர்களுக்கென்றே ஒரு சட்டம் இருக்கிறது. டெல்லி ஜன்பத் பகுதியில் ஆயத்த ஆடை விற்ற சோதன் சிங் தொடுத்த வழக்கில், தெருவில் வியாபாரம் செய்வதும் அரசமைப்புச் சட்டத்தின் 19(1)(ஜி) பிரிவு தரும் தொழில் உரிமைக்குள் அடங்கும் என்று 1989-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்த உரிமையை ஒழுங்குபடுத்தச் சட்டம் இயற்றுமாறு 2010-இல் கெய்ந்தா ராம் வழக்கில் கெடுவே விதித்தது. அதன் பிறகும் இழுத்தடித்து, 2014 மே 1-இல்தான் சாலையோர வியாபாரிகள் வாழ்வாதாரப் பாதுகாப்புச் சட்டம் அமலுக்கு வந்தது.

சட்டத்தை நிதானமாகப் படித்தால், எழுதியவர்கள் தெருவை அறிந்தவர்கள் என்பது புரியும். கணக்கெடுப்பு முடிந்து, தகுதியுள்ள அனைவருக்கும் விற்பனைச் சான்றிதழ் தரும்வரை யாரையும் அப்புறப்படுத்தக் கூடாது. வேறு இடத்துக்கு மாற்றுவதென்றால் 30 நாள் முன்னறிவிப்பு தர வேண்டும். ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாக நடக்கும் சந்தையைப் பாரம்பரியச் சந்தையாக அறிவிக்க வேண்டும், அங்குள்ளவர்களை இடம் மாற்றவே கூடாது. இச்சட்டப்படி அமையும் நகர விற்பனைக்குழுவில் குறைந்தது பத்தில் நான்கு இடங்கள் வியாபாரிகள் தங்களுக்குள்ளிருந்து தேர்ந்தெடுக்கும் பிரதிநிதிகளுக்கு உரியவை. அவர்களில் மூன்றில் ஒருவராவது பெண்ணாக இருக்க வேண்டும். 27-வது பிரிவு இன்னும் கறாரானது. சான்றிதழின் நிபந்தனைப்படி வியாபாரம் செய்பவரை, வேறு எந்தச் சட்டத்தின் அதிகாரத்தைக் காட்டியும் போலீஸோ மற்றவர்களோ தடுக்கக் கூடாது என்கிறது அது. சான்றிதழ் வைத்திருப்பவரிடம் 285-வது பிரிவைக் காட்டி மிரட்டும் எந்தக் காவலரும் இதைப் படித்திருக்க வேண்டும்.

பொருட்களைப் பறிமுதல் செய்வது குறித்த 19-வது பிரிவுதான் அன்றாடப் பிழைப்பைத் தொடுவது. எடுக்கும்போதே பட்டியல் எழுதி, அதிகாரி கையெழுத்திட்டு, நகலை வியாபாரியிடம் கொடுக்க வேண்டும். அவர் கேட்டு வந்தால், கெடாத பொருளை இரண்டு வேலை நாட்களுக்குள்ளும், அழுகும் பொருளை அன்றைக்கே திருப்பித் தர வேண்டும். விடியலில் மொத்தச் சந்தையில் தண்டலுக்குக் கடன் வாங்கிக் கீரையும் தக்காளியும் எடுத்து வரும் பெண்ணுக்கு அந்தக் கூடைதான் முதல், அதுதான் கூலி, மாலையில் கட்ட வேண்டிய தவணையும் அதுதான். லாரியில் ஏற்றிய கூடை மறுநாள் திரும்பி வந்தாலும் குப்பைக்குத்தான் போகும்.

அப்படியானால் பட்டியல் கொடுக்காத அதிகாரிக்கு என்ன தண்டனை? சட்டத்தில் பதில் இல்லை. விதியை மீறும் வியாபாரிக்கு 2,000 ரூபாய் வரை அபராதம். இடத்தைக் காலி செய்யாவிட்டால் நாளொன்றுக்கு 250 ரூபாய் வரை. அதே சட்டத்தை மீறித் தராசைத் தூக்கிச் செல்பவருக்கோ, தக்காளியைச் சாலையில் கொட்டுபவருக்கோ ஒரு ரூபாய் அபராதமும் எழுதப்படவில்லை. இந்தச் சட்டத்தின் பெரிய ஓட்டை இதுதான். சான்றிதழைக் கையில் வைத்திருந்தும் பலர் மாமூல் கொடுத்தே கடை போடுவதற்கு இதைவிட வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

நடந்து போகிறவர்களுக்கு இடம் வேண்டாமா என்ற கேள்வி நியாயமானது. சக்கர நாற்காலியில் வருபவருக்கும் பள்ளிக் குழந்தைக்கும் நடைபாதை வேண்டும். ஆனால் நம் நடைபாதைகளை அடைத்திருப்பவை காய்கறிக் கூடைகள் மட்டுமா? ஏறி நிற்கும் இருசக்கர வாகனங்களும், பெரிய கடைகள் இழுத்துவிட்ட படிக்கட்டுகளும், மின்மாற்றிகளும் எந்தக் கணக்கில் சேரும்? எங்கே விற்கலாம், எங்கே கூடாது என்பதை விற்பனைக்குழுவின் பரிந்துரையோடு வரையறுக்கச் சொல்வதும் இதே சட்டம்தான். ஏற்கெனவே நடக்கும் சந்தையைத் தடை மண்டலமாக்கக் கூடாது என்பதும் அதில் இருக்கிறது.

முதலில் மாற்று இடம், பிறகு அகற்றல் என்ற வரிசை மாறினால் என்ன ஆகும் என்பதைச் சென்னை பார்த்துவிட்டது. 2023 ஏப்ரலில், போக்குவரத்து நெரிசல் குறித்து உயர் நீதிமன்றம் தானாக முன்வந்து எடுத்த வழக்கின் தொடர்ச்சியாக, மெரினா லூப் சாலையில் மீன் கடைகளை மாநகராட்சி அகற்றியது. தங்கள் குப்பத்தின் வாசலிலேயே மீன் விற்ற பெண்கள் மீன்களைச் சாலையில் போட்டுப் போராடினார்கள். நொச்சிக்குப்பத்தில் புதிய மீன் அங்காடி திறக்கப்பட்டது 2024-இல்தான். அங்காடியைத் திறந்துவிட்டு அவர்களை அழைத்துப் போயிருந்தால் அந்த வேதனை நேர்ந்திருக்காது.

நாடாளுமன்றம் செய்ய வேண்டிய திருத்தம் சிறியது: பட்டியல் தராமல் பொருளை எடுத்தாலோ, கெடுவுக்குள் திருப்பித் தராவிட்டாலோ, இழப்பீட்டைச் சம்பந்தப்பட்ட அதிகாரியின் சம்பளத்திலிருந்து பிடிக்க வேண்டும். அதுவரை மாநில அரசு காத்திருக்கத் தேவையில்லை. முன்னாள் நீதிபதி தலைமையில் அமைய வேண்டிய குறைதீர்க்கும் குழுவை ஒவ்வொரு மாநகராட்சியிலும் செயல்பட வைக்கலாம். பறிமுதல் ரசீதில் அதிகாரியின் பெயரைக் கட்டாயமாக்கலாம். 27-வது பிரிவைத் தமிழில் அச்சிட்டு ஒவ்வொரு காவல் நிலையச் சுவரிலும் ஒட்டலாம். இவற்றுக்கு அரசாணை ஒன்று போதும்.