‘நடிக்கலை, வாழ்ந்திருக்கார்!’

ஒருவர் நன்றாக நடித்துவிட்டால் நம் கையில் தயாராக ஒரு பாராட்டு இருக்கிறது: “நடிக்கலை, வாழ்ந்திருக்கார்!” தயவுசெய்து இதை லம்பெர்ட்டோ மஜ்ஜோரானிக்கு மட்டும் கொடுக்காதீர்கள். அந்த மனுஷனிடம் பிடுங்கியது போதும்.

பெயர் தெரியாமல் இருக்கலாம், முகம் தெரியும். டி சிகாவின் ‘பைசிக்கிள் தீவ்ஸ்’ (1948) படத்தில் சின்னப் பையனோடு ரோம் முழுக்கச் சைக்கிளைத் தேடி அலையும் அப்பா. நிஜத்தில் பிரேடா தொழிற்சாலையில் லேத் தொழிலாளி. மகனுக்கு வேஷம் கிடைக்குமா என்று அழைத்துவந்தவரையே டி சிகா பிடித்துப் போட்டுவிட்டார். செல்ஸ்னிக் என்கிற ஹாலிவுட் தயாரிப்பாளர் கேரி கிராண்டைப் போடச் சொல்லியும் டி சிகா மசியவில்லை என்பது நாம் பெருமையாகச் சொல்கிற கதை. மீதியை யாரும் சொல்வதில்லை.

கிடைத்தது சுமார் 600,000 லிரா. வீட்டுக்கு மேஜை நாற்காலி வாங்கினார், குடும்பத்தோடு ஊர் சுற்றிவந்தார், மறுபடி தொழிற்சாலைக்குப் போனார். அங்கே ஆட்குறைப்பு வந்தது. அவருக்கென்ன, சினிமாவில் லட்சம் லட்சமாக வாங்கியிருப்பார் என்று அவரை அனுப்பிவிட்டார்கள். கொத்து வேலைக்குப் போனார். சினிமாவில் துண்டு துக்கடா வேஷங்கள். ‘உம்பர்ட்டோ டி’ (1952) படத்தில் டி சிகாவே அப்படி ஒன்று கொடுத்தார். ‘பைசிக்கிள் தீவ்ஸ்’ திரைக்கதையில் பெரும்பங்கு வகித்த சவாட்டினி இவருடைய கஷ்டத்தை வைத்தே இன்னொரு கதை எழுதினார். கஷ்டமும் கச்சாப்பொருள்!

ஏன் பெரிய வேஷம் வரவில்லை? அவர் நடித்தார் என்று யாரும் நம்பவில்லை. தெருவிலிருந்து வந்த ஆள் தன்னையே காட்டிவிட்டுப் போனார், அவ்வளவுதானே என்ற எண்ணம்.

சரி, எதை வாழ்ந்தார்? படத்துக்கு வரும்போது அவருக்கு வேலை இருந்தது. கூட நடந்த பையன் என்ஸோ ஸ்டயோலா, அவர் மகனே இல்லை. ஸ்டேடியத்துக்கு வெளியே வரும் காட்சியை இன்னொரு தடவை பாருங்கள். உட்காருகிறார், எழுகிறார், வாசலில் தனியாகச் சாய்ந்திருக்கும் சைக்கிளைப் பார்க்கிறார், பார்க்காத மாதிரி திரும்புகிறார். பிறகு பையனை டிராமில் போகச் சொல்லி அனுப்புகிறார். திருடப்போகிற ஒருவனின் வெட்கத்தை முதுகிலேயே காட்டுவது நடிப்பு இல்லையென்றால் வேறென்ன சார்? டி சிகா சொல்லிக்கொடுத்து வாங்கினார் என்பீர்கள். எந்த நட்சத்திரத்துக்குத்தான் டைரக்டர் சொல்லிக்கொடுக்கவில்லை? அவர்கள் சம்பளத்தை அதற்காக யாராவது குறைத்தார்களா?

“வாழ்ந்தார்” என்றால் அது வேலை இல்லை. வேலை இல்லையென்றால் கூலியும் இல்லை, அடுத்த படமும் இல்லை.

1962இல் பசோலினி ‘மம்மா ரோமா’ படத்தில் அவருக்கு ஒரு சின்ன வேஷம் கொடுத்தார். ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்திருக்கும் நோயாளி. ஒரு பையன் வந்து அவருடைய ரேடியோவைத் திருடுகிறான். பழைய படத்துக்கான மரியாதை என்று ரசிகர்கள் கண்டுபிடித்துச் சந்தோஷப்படுகிறோம். 14 வருஷம் கழித்தும் அவருக்குத் தரத் தோன்றியது திருட்டுக் கொடுத்தவன் வேஷம்தான்.